தின்பவரும் தின்னப்படுபவரும்: ஊனுண்ணிகளைப் பற்றிய நூல்களுக்கு ஓர் அலமாரி போதுமா?

தனிமரம் எழுதியது:

நண்பர்களுக்கு வணக்கம். இரண்டு ஆண்டுகளாக ஊனுண்ணி விலங்குகளைப் பற்றியும் மனிதரின் புலால் உணவைப் பற்றியும் கையில் கிடைத்த நூல்களையெல்லாம் படித்து வருகிறேன். படிக்கப் படிக்க ஓர் உறுத்தல் வளர்ந்துகொண்டே வருகிறது. அதை உங்கள் முன் வைக்கலாம் என்றுதான் இந்த இழையைத் தொடங்குகிறேன்.

என் வீட்டில் இந்நூல்கள் இரண்டு தட்டுகளில் இருக்கின்றன. நான் திட்டமிட்டுப் பிரிக்கவில்லை, அவை தாமாகவே அப்படிப் பிரிந்துகொண்டன. ஒரு தட்டில் மனிதர் தின்பவர். பீட்டர் சிங்கர் 1975இல் எழுதிய 'விலங்கு விடுதலை', சமையல்தான் குரங்கினத்தவரை மனிதராக்கியது என்று ரிச்சர்ட் ராங்கம் வாதிடும் 2009ஆம் ஆண்டு நூல், 'நாம் இறைச்சி உண்ண வேண்டுமா' என்று தலைப்பிலேயே கேட்டுவிட்டு வாக்லாவ் ஸ்மில் 2013இல் போட்டுக் காட்டிய கணக்குகள் ஆகியவை அங்கே இருக்கின்றன. மற்றத் தட்டில் மனிதர் தின்னப்படுபவர். ஜிம் கார்பெட் 1944இல் வெளியிட்ட குமாவுன் புலிகளின் கதைகளும், கென்யாவில் இருப்புப்பாதை போட வந்தவர்களைத் தூக்கிச் சென்ற சாவோ சிங்கங்களைப் பற்றி பேட்டர்சன் 1907இல் எழுதிய நூலும் அங்கே இருக்கின்றன. முதல் தட்டில் புலி வருவதே அரிது. வந்தாலும் 'விலங்குகளும் கொன்றுதானே தின்கின்றன' என்ற ஆட்சேபத்துக்கு விடை சொல்வதற்காக ஓரிரு பத்திகளில் வந்து போகும். இரண்டாவது தட்டில் புலியின் ஒவ்வோர் அடிச்சுவடும் வரும், ஆனால் துப்பாக்கியோடு மரத்தில் அமர்ந்திருப்பவரும் ஊன் உண்பவர்தானே என்ற நினைப்பு எனக்குத் தென்பட்டவரை எங்கும் வரவில்லை.

இரண்டுக்கும் நடுவில் வைக்க என்னிடம் இருப்பது ஒரே ஒரு நூல். ஆஸ்திரேலிய மெய்யியலாளர் வால் பிளம்வுட் எழுதிய 'முதலையின் கண்'. அவர் 2008இல் காலமானார். நூல் 2012இல்தான் வெளிவந்தது. 1985 பிப்ரவரியில், காக்கடு தேசியப் பூங்காவின் நீர்வழி ஒன்றில், பாறை ஓவியங்களைத் தேடி அவர் தனியாகச் சிறு படகில் சென்றார். மழை பெய்துகொண்டிருந்தது. மிதக்கும் கட்டை என்று அவர் நினைத்த ஒன்று படகை வந்து இடித்தது, பிறகு மீண்டும் மீண்டும் இடித்தது. கரையோர மரக்கிளை ஒன்றைப் பற்றித் தாவ முயன்றபோது உப்புநீர் முதலை அவரைக் கால்களுக்கு நடுவே கவ்வி நீருக்குள் இழுத்துச் சுழற்றியது. பிடி தளர்ந்தது, அவர் கிளையைப் பற்றினார், மறுபடியும் இழுக்கப்பட்டார். இப்படி மூன்று முறை. கடைசியில் வழுக்கும் சேற்றுக் கரையில் விரல்களை ஆழக் குத்திக் குத்தி மேலேறினார். தொடையின் சதை பிய்ந்து தொங்க, மணிக்கணக்கில் நடந்தும் தவழ்ந்தும் சென்ற பிறகுதான் காவலர் ஒருவர் அவரைக் கண்டுபிடித்தார்.

இதைச் சாகசக் கதையாக அவர் எழுதவில்லை என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. முதலையின் வாயில் இருந்த அந்தக் கணத்தில், தன்னைப் பொருட்படுத்தாத ஓர் உலகத்தைத் தான் முதல்முறையாக வெளியிலிருந்து பார்த்ததாக அவர் எழுதுகிறார். அதுவரை தான் ஒரு மனித உயிர், சிந்திப்பவர், நூல்கள் எழுதுபவர். அந்த நொடியில் வெறும் சதை. தன்னைக் கடித்த முதலையைத் தேடிக் கொல்லும் யோசனை எழுந்தபோது, அதன் இடத்துக்குள் நுழைந்தது தான்தான் என்று சொல்லி அதை அவர் எதிர்த்தார். அவர் அப்போதே புலால் உண்ணாதவர் என்பதையும் மறந்துவிடக் கூடாது.

புலால் உணவைப் பற்றி எழுதும் எவரும் தானும் ஊன்தான் என்பதை ஒரு முறையாவது நினைத்துப் பார்த்துவிட்டு எழுத வேண்டும் என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது. இந்த நடுத்தட்டில் வைக்கக்கூடிய வேறு நூல்கள் உங்களுக்குத் தெரியுமா?


வழிப்போக்கன் எழுதியது:

டேவிட் குவாமன் 2003இல் எழுதிய 'கடவுளின் அரக்கன்' நூலைப் பாருங்கள். கீர் காட்டின் சிங்கம், வட ஆஸ்திரேலியாவின் முதலை, ருமேனியாவின் பழுப்புக் கரடி, ரஷ்யத் தூரக்கிழக்கின் புலி ஆகியவற்றோடு பக்கத்துப் பக்கமாக வாழும் மக்களைத் தேடிப் போய் எழுதியிருக்கிறார். விலங்கின் பெருமையைத் தொலைவில் இருப்பவர்கள் அனுபவிக்க, அதற்கான விலையை மாடு மேய்ப்பவர் கொடுக்கிறார் என்பது அந்நூல் முழுவதும் ஓடும் சரடு. ஆனால் அதுவும் உங்கள் இரண்டாவது தட்டுக்குத்தான் போகும் என்று நினைக்கிறேன்.


ஓலைச்சுவடி எழுதியது:

தனிமரம் அவர்களுக்கு, இந்தப் பிரிவினை நூல்களில் மட்டும் இல்லை, சொல்லிலேயே இருக்கிறது. மனிதரைத் தின்னும் புலியைத் தமிழில் 'ஆட்கொல்லி' என்கிறோம். ஆங்கிலத்தில் அதற்கு வழங்கும் சொல்லின் நேர்ப்பொருள் 'ஆளைத் தின்னி'. நம் சொல் கொல்வதோடு நின்றுவிடுகிறது. யானையும் ஆளைக் கொல்லும், கரடியும் கொல்லும். அவை பெரும்பாலும் பசிக்காகக் கொல்வதில்லை. புலியின் செயலில் நம்மை உண்மையில் நடுங்கவைப்பது அது கொன்ற பிறகு செய்வது. அந்தப் பகுதியைத்தான் நம் சொல் நாசூக்காக விட்டுவிடுகிறது. 'ஆளுண்ணி' என்று எழுதிப் பாருங்கள், கையே தயங்கும்.

கார்பெட்டை நீங்கள் கொஞ்சம் விரைவாகக் கடந்துவிட்டீர்கள். சம்பாவத் பெண்புலியை அவர் 1907இல் சுட்டார். அது கொன்றதாகச் சொல்லப்படும் 436 பேரில் ஏறத்தாழ 200 பேர் நேபாளத்தில் இறந்தவர்கள். கடைசியாக அடிபட்டவள் சுள்ளி பொறுக்கப் போன பதினாறு பதினேழு வயதுப் பெண். இரத்தத் தடத்தைப் பின்தொடர்ந்து செல்லும் கார்பெட், ஒரு நீர்க்குட்டையின் ஓரத்தில் அவளுடைய காலின் ஒரு துண்டைக் காண்கிறார். முழங்காலுக்குச் சற்றுக் கீழே, வெட்டியதுபோல் கடித்து எடுக்கப்பட்ட கால். பல வேட்டைகளைப் பார்த்த அந்த மனிதர், தான் பின்தொடர்வது இன்னும் அருகில் இருக்கும் ஒரு புலியை என்பதையே மறந்து, குனிந்து அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார். எதிர்மேட்டிலிருந்து சிறிது மண் உருண்டு நீரில் விழுகிறது. அப்போதுதான் நிமிர்கிறார். அந்தக் குனிந்த நிலையில் அவர் வேட்டைக்காரர் இல்லை. நீங்கள் சொல்லும் நடுத்தட்டு அந்த ஒரு பக்கத்தில் இருக்கிறது.

பிறகு சுடப்பட்ட புலியின் வாயைத் திறந்து பார்க்கிறார். வலப்புறத்தில் மேல் கோரைப்பல் பாதியாக முறிந்திருக்கிறது, கீழ் கோரைப்பல் எலும்புவரை உடைந்திருக்கிறது. எப்போதோ யாரோ சுட்ட குண்டின் விளைவு என்று அவர் முடிவு செய்கிறார். இயல்பான இரையை அடிக்க முடியாமல் போனதால்தான் அது மனிதரைத் தேடியது என்பது அவர் கணிப்பு. ருத்ரபிரயாகைச் சிறுத்தைக்கு வேறொரு காரணம் சொல்கிறார். 1918ஆம் ஆண்டுக் கொள்ளைநோயில் எரிக்க ஆளின்றிப் பள்ளத்தாக்கில் தள்ளப்பட்ட உடல்களால் அந்த விலங்கு பழகிக்கொண்டது என்கிறார். 1926இல் அதைச் சுட்டு வீழ்த்தும்வரை 125 பேர் இறந்திருந்தார்கள். ஆக, இரண்டு கதைகளிலும் தொடக்கம் மனிதரிடமிருந்தே வருகிறது.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். இத்தகைய நூல் ஒன்றின் தமிழாக்கத்தைச் சென்ற ஆண்டு படித்தேன், பெயர் வேண்டாம். 'புலி இரவில் தன் கொலைக்குத் திரும்பி வந்தது' என்று அதில் ஓரிடத்தில் இருந்தது. புலி என்ன, குற்றவாளியா? வேட்டைக்காரர்கள் 'கில்' என்று சொல்வது அடித்துப் போட்ட உடலை. 'புலி தான் அடித்த மாட்டிடம் திரும்பி வந்தது' என்று எழுதியிருந்தால் ஒரு சிறுவனுக்குக்கூடப் புரிந்திருக்கும். 'அடித்தல்' என்ற நல்ல சொல் நம்மிடம் இருக்கும்போது கொலை எதற்கு?


கல்வெட்டான் எழுதியது:

எலும்புகளின் பக்கத்திலிருந்து சில செய்திகள். இந்த விவாதத்தில் யார் தின்றார், யார் தின்னப்பட்டார் என்பது கருத்தளவில் நிற்பதில்லை. அதை எலும்பில் பார்க்க முடியும். ஒரு பெரிய கோட்பாடு அப்படியே தலைகீழாகத் திரும்பிய கதையும் இதில் இருக்கிறது.

1924இல் தென்னாப்பிரிக்காவின் டாங்கில் கிடைத்த குழந்தை மண்டையோட்டை ஆராய்ந்த ரேமண்ட் டார்ட், பின்னர் மகபன்ஸ்காட் குகையில் குவிந்து கிடந்த எலும்புகளைப் பார்த்து, நம் மூதாதையர் எலும்பையும் பல்லையும் கொம்பையும் ஆயுதமாக்கிக் கொன்று தின்றவர்கள் என்று முடிவு கட்டினார். ராபர்ட் ஆர்ட்ரி 1961இல் அதை எடுத்துச் சுவையான நடையில் எழுதப்போக, 'கொலைகாரக் குரங்கின் பிள்ளைகள் நாம்' என்ற எண்ணம் உலகெங்கும் பரவியது. சார்லஸ் பிரெய்ன் ஸ்வார்ட்கிரான்ஸ் குகையைப் பல ஆண்டுகள் பொறுமையாகத் தோண்டி, 1981இல் தம் முடிவுகளை நூலாக்கினார். வேட்டையாடியவர்களா, வேட்டையாடப்பட்டவர்களா என்பதே அதன் தலைப்பில் உள்ள கேள்வி.

அங்கே கிடைத்த இளம் மனித மூதாதை ஒன்றின் மண்டையோட்டில், பின்புறத்தில் இரண்டு துளைகள் இருந்தன. அதே குகையில் கிடைத்த சிறுத்தையின் கீழ்த்தாடையை எடுத்து பிரெய்ன் அதன்மேல் வைத்துப் பார்த்தார். இரு கோரைப்பற்களும் அந்த இரு துளைகளுக்குள் இறங்கின. சிறுத்தை தன் இரையை மரத்தில் ஏற்றி வைத்துத் தின்னும். வறண்ட நிலத்தில் மரங்கள் ஈரம் தேடிக் குகைவாயில் வளரும். மிச்ச எலும்புகள் குகைக்குள் விழும். அவ்வளவுதான். டார்ட் ஆயுதசாலை என்று நினைத்த குவியல்களும் ஊனுண்ணிகளின் எச்சில் என்ற முடிவை நோக்கியே ஆய்வு நகர்ந்தது. டாங் குழந்தையையும் பெரிய கழுகு ஒன்று தூக்கிச் சென்றிருக்க வேண்டும் என்று லீ பெர்கரும் ரான் கிளார்க்கும் 1995இல் வாதிட்டார்கள். டார்ட் கையில் வைத்திருந்தது கொலைகாரனின் முகம் இல்லை, கழுகின் இரை.

சாவோ சிங்கங்களும் பேசத் தொடங்கியிருக்கின்றன. பேட்டர்சன் தம் நூலில் 28 இந்தியத் தொழிலாளர்கள் இறந்ததாக எழுதினார். கூடவே இறந்த ஆப்பிரிக்கர்களுக்குக் கணக்கே வைக்கப்படவில்லை என்றும் எழுதினார். பிற்காலத்தில் மொத்தம் 135 என்றார். அவர் தரைவிரிப்பாகப் போட்டு வைத்திருந்த தோல்களை 1924இல் சிகாகோவின் ஃபீல்டு அருங்காட்சியகத்துக்கு விற்றார். 2009இல் அந்த எலும்பிலும் மயிரிலும் உள்ள தனிம விகிதங்களை அளந்தவர்கள் இரண்டும் சேர்ந்து ஏறத்தாழ 35 பேரைத் தின்றிருக்கலாம் என்று மதிப்பிட்டார்கள். தின்றவர்களின் கணக்குதான் அது. கொன்று விட்டுச் சென்றவர்கள் அதில் வரமாட்டார்கள். ஓலைச்சுவடி ஐயா சொன்ன சொல் வேறுபாடு இங்கே எண்ணாகவே வந்து நிற்கிறது.

2024இல் அச்சிங்கங்களின் உடைந்த பற்களின் குழிகளில் இறுகிக் கிடந்த மயிரை எடுத்து மரபணுவைப் பார்த்தார்கள். ஒட்டகச்சிவிங்கி, வரிக்குதிரை, சில மான் வகைகள், அவற்றோடு மனிதர். ஏறத்தாழ நூறு ஆண்டுகளாக அருங்காட்சியகத்தில் இருந்த சிங்கத்தின் பல்லிடுக்கில் யாரோ ஒரு தொழிலாளியின் தலைமுடி இருந்திருக்கிறது. அவருடைய பெயர் எந்த நூலிலும் இல்லை.


நீலவாணி எழுதியது:

நான் புலால் உண்ணாதவள். கல்வெட்டான் எழுதியதைப் படித்துவிட்டுச் சிறிது நேரம் எழுந்து உலவிவிட்டுத்தான் வந்து இதை எழுதுகிறேன். ஆனாலும் தனிமரம் அவர்களின் அடிப்படைக் கருத்தோடு எனக்கு உடன்பாடு இல்லை.

நானும் ஒரு நாள் இரையாகலாம் என்பதால் நான் செய்யும் செயலின் நன்மை தீமை எப்படி மாறும்? புலிக்கும் முதலைக்கும் வேறு வழியில்லை. பூனையையே எடுத்துக்கொள்ளுங்கள். டாரின் என்ற பொருளைப் போதிய அளவு அதன் உடலால் செய்துகொள்ள முடியாது. ஊனிலிருந்து கிடைக்காவிட்டால் அதன் கண்பார்வை கெடும், இதயம் கெடும். இனிப்பை உணரும் மரபணுகூடப் பூனைக் குடும்பத்தில் செயலிழந்து போய்விட்டது என்று 2005இல் கண்டறிந்தார்கள். அவ்வளவு இறுகப் பூட்டப்பட்ட ஓர் உயிரையும், உணவுப் பட்டியலை விரித்து வைத்துக்கொண்டு எதை உண்ணலாம் என்று யோசிக்கும் உயிரையும் ஒரே தட்டில் வைப்பது அன்பால் நேர்ந்தாலும் பிழைதான். முதலைக்குக் கண் இருக்கலாம், அறத்துப்பால் இல்லை.

அறத்துப்பால் என்றதும் நினைவுக்கு வருகிறது. 'தினற்பொருட்டால் கொல்லாது உலகெனின் யாரும் விலைப்பொருட்டால் ஊன்தருவார் இல்' என்ற 256ஆம் குறளை விட ஸ்மில் தம் நூல் முழுவதிலும் அடிப்படையில் புதிதாக என்ன சொல்லிவிட்டார்? 'நான் கொல்லவில்லை, விற்றதைத்தான் வாங்கினேன்' என்று சொல்பவரை வள்ளுவர் கையும் களவுமாகப் பிடிக்கிறார். தேவை நின்றால் வழங்கல் நிற்கும் என்கிறார். புலிக்கு யாரும் விலைக்கு ஊன் தருவதில்லை. அந்தக் குறள் முழுக்க முழுக்க மனிதருக்கானது, அதனால்தான் அது கூர்மையாக இருக்கிறது.

இன்னொரு அச்சமும் எனக்கு உண்டு. 'இறைச்சிதான் நம் மூளையை வளர்த்தது' என்று ஒரு நூல் சொன்னால், அடுத்த நாளே அது சாப்பாட்டு மேசையில் வாதமாக வந்துவிடுகிறது. உடல் எடையில் 2 விழுக்காடுள்ள மூளை உடலின் ஆற்றலில் ஏறத்தாழ 20 விழுக்காட்டை எடுத்துக்கொள்கிறது என்பதைச் சொல்லி, எனவே உனக்கு ஊன் வேண்டும் என்று முடிப்பார்கள். என் மூளைக்கு நேற்று இரவு எது ஆற்றல் தந்தது என்று நான் அவர்களிடம் கேட்பதுண்டு.


வழிப்போக்கன் எழுதியது:

'முதலைக்குக் கண் இருக்கலாம், அறத்துப்பால் இல்லை.' இதை நான் எடுத்து வைத்துக்கொள்கிறேன்.


கல்வெட்டான் எழுதியது:

நீலவாணி சகோதரிக்கு, அந்தக் கடைசி அச்சத்துக்கு மட்டும் என்னால் விடை சொல்ல முடியும். இறைச்சி மூளையை வளர்த்தது என்ற கருத்து நீங்கள் நினைக்கும் அளவுக்கு உறுதியானதாக இப்போது இல்லை. நம் மூதாதை இனமான ஹோமோ எரக்டஸ் தோன்றிய பிறகு வெட்டுத்தழும்புள்ள எலும்புகள் மிகுதியாகக் கிடைப்பது, அந்தக் காலத்துக்குரிய இடங்களில் நாம் மிகுதியாகத் தோண்டியதால்தான் என்று 2022இல் ஓர் ஆய்வு காட்டியது. தோண்டிய அளவைக் கணக்கில் கொண்டால் அந்த ஏற்றம் கரைந்துவிடுகிறது. ராங்கம்கூட இறைச்சியை முதன்மையாகச் சொல்லவில்லை. அவர் சொல்வது நெருப்பை. சமைத்தால் கிழங்கும் எளிதில் செரிக்கும்.

தொல்லியலாளர்கள் எலும்பில் தேடும் இன்னொன்று, தழும்புகளின் வரிசை. விலங்கின் பற்குறியின் மேல் கல்லாயுதத்தின் கீறல் இருந்தால், சிங்கம் தின்ற பிறகு நாம் போனோம். கீறலின் மேல் பற்குறி இருந்தால் நாம் முந்திக்கொண்டோம். இரண்டு வகையும் கிடைக்கின்றன. பெருமிதத்தோடு வேட்டையாடியவர்கள் என்பதைவிட, கழுத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே அவசரமாகச் சதையை அறுத்தவர்கள் என்ற சித்திரம்தான் எனக்கு நம்பத் தகுந்ததாக இருக்கிறது.


தனிமரம் எழுதியது:

நீலவாணி அவர்கள் சொன்னதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். நான் முதல் பதிவில் அவசரப்பட்டு எழுதிவிட்டேன். இரையாகும் வாய்ப்பு தின்பதற்கு உரிமம் தருகிறது என்று பொருள்பட்டால் அது என் எழுத்தின் குறை.

பிளம்வுட்டும் அப்படிச் சொல்லவில்லை. முதலையின் வாயிலிருந்து தப்பிய பிறகும் அவர் புலால் உண்ணாதவராகவே வாழ்ந்தார். ஆனால் அதற்கு அவர் சொன்ன காரணம் வேறு. ஓருயிர் மற்றோருயிரைத் தின்பது அதனளவில் தீமை என்று அவர் கருதவில்லை. உயிர்களை வெறும் உயிருள்ள இறைச்சியாகச் சுருக்கும் ஆலைப் பண்ணைகளைத்தான் எதிர்த்தார். தின்பதே தீது என்று வைத்துக்கொண்டால் புலியும் முதலையும் பிறவிக் குற்றவாளிகளாகிவிடும், மனிதர் மட்டும் அந்தக் குற்ற உலகத்துக்கு வெளியே தூய்மையாக நிற்க வேண்டியிருக்கும் என்பது அவர் கவலை. முதலைக்கு அவர் உணவாக இருந்தார். ஆனால் உணவாக மட்டும் இருக்கவில்லை. மாட்டுக்கும் கோழிக்கும் நாம் மறுப்பது அந்த 'மட்டும் இல்லை' என்பதைத்தான்.

அதே நூலில் இறப்பைப் பற்றி ஒரு கட்டுரை வருகிறது. கனத்த மரப்பெட்டிக்குள் உடலை அடைத்து, பிற உயிர்களுக்கு உணவாகிவிடாதபடி மண்ணிலிருந்தும் காப்பாற்றி வைக்கும் வழக்கத்தை அதில் விசாரிக்கிறார். வாழ்நாள் முழுவதும் உண்டோம், கடைசியில்கூட உண்ணப்பட மாட்டோம் என்று அடம்பிடிக்கிறோம் என்கிற பொருளில். அந்தக் கட்டுரையை இரவில் படித்தேன். தூக்கம் வரவில்லை என்று சொல்ல மாட்டேன், நன்றாகவே வந்தது. மறுநாள் காலையில் தோட்டத்து மண்ணைக் கிளறும்போதுதான் என்னவோ செய்தது.


முதுவாசகர் எழுதியது:

இளையவர்கள் நன்றாக எழுதுகிறீர்கள். இடையில் ஒரு கிழவனின் குறுக்கீடு.

ஊனுண்ணிகளைப் பற்றி எழுதுகிறவர்கள் அவற்றைப் பார்ப்பதைவிட அவற்றுக்கு ஒழுக்கம் கற்பிப்பதில்தான் அதிக ஆர்வம் காட்டுகிறார்கள் என்பது என் நெடுநாள் மனத்தாங்கல். கார்பெட் புலியைப் பெருந்தன்மையுள்ள கனவான் என்றார். நம்மவர்கள் அவருக்கு ஈராயிரம் ஆண்டு முந்தியவர்கள். புறநானூற்றின் 190ஆம் பாட்டில் சோழன் நல்லுருத்திரன் பாடுகிறான்: காட்டுப்பன்றி இடப்பக்கம் விழுந்துவிட்டதால் அன்று அதைத் தின்னாமல் கிடந்து, மறுநாள் பசியோடு எழுந்து, களிற்றை வலப்பக்கம் வீழ்த்தும் புலி. அப்படிப்பட்டவர்களின் நட்பு வேண்டும், வளையில் நெற்கதிரைச் சேர்த்து வைக்கும் எலி போன்றவர்களின் நட்பு வேண்டாம் என்கிறான். அற்புதமான பாட்டு. எந்தப் புலியும் அப்படிச் செய்யாது. 'புலி பசித்தாலும் புல்லைத் தின்னாது' என்கிறோம். புலி அவ்வப்போது புல்லும் தின்னும், எச்சத்தில் பார்க்கலாம். வயிற்றுக்கு அது ஏதோ நல்லது செய்கிறது போலும்.

புலிக்கு மகுடம் சூட்டினால் யாருக்காவது செருப்பு மாலை விழ வேண்டுமே. அது கழுதைப்புலிக்கு விழுந்தது. சிங்கம் அடித்ததைத் திருடித் தின்னும் கோழை என்று எழுதி எழுதிப் பழகிப்போயிற்று. ஹான்ஸ் குரூக் இங்கொரோங்கோரோ எரிமலைப் பள்ளத்தில் இரவெல்லாம் விழித்திருந்து பார்த்து 1972இல் எழுதினார். இருட்டில் கழுதைப்புலிகள் கூட்டமாக ஓடி அடிக்கின்றன. சத்தம் கேட்டுச் சிங்கம் வந்து பறித்துக்கொள்கிறது. விடிந்ததும் ஊர்தியில் வந்து இறங்குபவர், நடுவில் தின்றுகொண்டிருக்கும் சிங்கத்தையும் சுற்றி வாய்பிளந்து காத்திருக்கும் கழுதைப்புலிகளையும் பார்க்கிறார். அவர் என்ன எழுதுவார்? கண்ணால் பார்த்ததைத்தான் எழுதினார், நேரம்தான் தவறு.

இந்த வகை எழுத்தில் என்னை அசைத்தது ஆல்டோ லியோபோல்டின் சில பக்கங்கள். இறந்த மறு ஆண்டு, 1949இல் வந்த நூலில் இருக்கின்றன. இளம் வனத்துறையினராக இருந்தபோது, ஓநாய் குறைந்தால் மான் பெருகும் என்ற நம்பிக்கையில் அவரும் கூட்டாளிகளும் மலையிலிருந்து ஓர் ஓநாய்க் குடும்பத்தின்மேல் சுட்டுத் தள்ளினார்கள். இறங்கிப் போனபோது தாய் ஓநாயின் கண்ணில் பசுமையான ஒரு தீ அணைந்துகொண்டிருந்தது. ஓநாய்கள் ஒழிந்த மலைகளில் மான்கள் பெருகி, செடிகொடி எல்லாம் தின்று தீர்த்து, பின் அவையே பட்டினியில் செத்ததைப் பிற்காலத்தில் பார்த்தார். மான் ஓநாய்க்கு அஞ்சுவதுபோல் மலை மானுக்கு அஞ்சுகிறது என்று எழுதினார். அமெரிக்காவின் எல்லோஸ்டோன் பூங்காவில் 1926இல் கடைசி ஓநாய்களைக் கொன்றவர்கள், 1995இலும் 1996இலும் கனடாவிலிருந்து 31 ஓநாய்களைக் கொண்டுவந்து விட வேண்டியதாயிற்று. அதற்குப் பின் ஆறுகளே திசை மாறின என்றெல்லாம் சிலர் பாடுகிறார்கள்; அதையும் கழுதைப்புலிக் கதைபோல் பொறுத்திருந்து பார்ப்பது நல்லது.


நீலவாணி எழுதியது:

முதுவாசகர் ஐயாவுக்கு வணக்கம். கழுதைப்புலி சார்பில் நன்றி.

தனிமரம் அவர்களின் விளக்கத்துக்குப் பிறகு நான் பிளம்வுட்டைப் படித்தே ஆக வேண்டும். அவருடைய பதிலில் வந்த ஆலைப் பண்ணைகளோடு ஓர் எண்ணைச் சேர்க்கிறேன். 2018இல் வெளியான கணக்கொன்றின்படி, பூமியிலுள்ள பாலூட்டிகளின் மொத்த உயிர்த்திரளில் 60 விழுக்காடு கால்நடைகள், 36 விழுக்காடு மனிதர், எஞ்சிய 4 விழுக்காடுதான் காட்டு விலங்குகள். திமிங்கிலமும் யானையும் அந்த நான்குக்குள் அடக்கம். புலியும் சிங்கமும் அதில் ஒரு துளி. ஆக, இன்றைக்கு ஊனுண்ணி என்ற சொல்லுக்கு நடைமுறையில் யார் பொருள் என்பதைக் கண்ணாடியில் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

உங்கள் முதல் தட்டில் ஒரு நூல் விடுபட்டிருக்கிறது. அப்டன் சின்க்ளேர் சிகாகோ இறைச்சி ஆலைகளைப் பற்றி 1906இல் எழுதிய நாவல். தொழிலாளர்களின் துன்பத்தைக் காட்ட எழுதினார். படித்தவர்களோ தம் தட்டில் என்ன கலந்திருக்கிறது என்றுதான் பதறினார்கள். அதே ஆண்டில் இறைச்சிச் சோதனைச் சட்டம் வந்தது. மக்களின் இதயத்தைக் குறிவைத்தேன், தவறி வயிற்றில் பட்டுவிட்டது என்று அவரே பின்னாளில் வருந்தினார். அந்த ஆலையில் விரலை இழந்த தொழிலாளியும், கல்வெட்டான் சொன்ன சாவோ தொழிலாளியும் எனக்கு ஒருவராகவே தெரிகிறார்கள். இருவரையும் தின்றது விலங்கு மட்டும்தானா என்ன?


ஓலைச்சுவடி எழுதியது:

சகோதரி 256ஆம் குறளைச் சொன்னதிலிருந்து அந்த அதிகாரத்தையே புரட்டிக்கொண்டிருந்தேன். அதன் முதல் குறளில் ஒன்று கண்ணில் பட்டது. பள்ளியிலிருந்து மனப்பாடம், ஆனால் இதுவரை கவனித்ததில்லை.

'தன்னூன் பெருக்கற்குத் தான்பிறிது ஊனுண்பான் எங்ஙனம் ஆளும் அருள்.'

உரைகளில் 'தன் உடம்பைப் பெருக்க வேறோர் உயிரின் இறைச்சியை உண்பவன்' என்று இருக்கும். உடம்பு ஒரு சொல், இறைச்சி ஒரு சொல். மூலத்தில் அப்படி இல்லை. என்னுடையதும் ஊன், அதனுடையதும் ஊன். நம் உரையாசிரியர்கள் மரியாதை கருதிப் பிரித்து வைத்ததை வள்ளுவர் பிரிக்கவில்லை. பிளம்வுட் முதலையின் வாயில் கண்டதாகத் தனிமரம் எழுதினாரே, அந்த வெறும் சதை, அது இங்கே முதல் சீரிலேயே நிற்கிறது. அதுவும் புலாலை மறுக்கும் பாட்டில். சகோதரி சொன்னதும் தனிமரம் சொன்னதும் ஏழு சீருக்குள் அடங்கிக் கிடக்கின்றன.


நீலவாணி எழுதியது:

இதை நான் யோசிக்க வேண்டும். ஊன் என்ற சொல் பழைய தமிழில் உடம்பையும் குறிக்கும்தானே, அவர் வேறு பொருள் கருதாமல் இயல்பாகவே எழுதியிருக்கலாம் அல்லவா?


ஓலைச்சுவடி எழுதியது:

இருக்கலாம். அப்படியானால் அந்தக் காலத்து மொழிக்கே அது இயல்பாக இருந்திருக்கிறது என்று ஆகிறது. அது எனக்கு இன்னும் வியப்பாக இருக்கிறது.


வழிப்போக்கன் எழுதியது:

இந்த இழையைப் படித்துக்கொண்டிருக்கும்போதே எங்கள் பூனை ஓர் எலியைக் கவ்விக்கொண்டு வந்து என் நாற்காலியின் அடியில் அமர்ந்தது. வழக்கமாக விரட்டிவிடுவேன், இன்று பார்த்துக்கொண்டிருந்தேன். தலையிலிருந்து தொடங்கியது. எலும்பு நொறுங்கும் ஓசை, முறுக்கு கடிப்பதைப் போல. எல்லாவற்றையும் தின்றுவிட்டு, கரும்பச்சையான குடல் துண்டு ஒன்றை மட்டும் தரையில் துப்புரவாக ஒதுக்கி வைத்தது. பிறகு என் காலில் உரசிவிட்டு மடியில் ஏறி, அதே வாயால் என் விரலை நக்கியது. எலியின் இடத்தில் என் விரலை வைத்துப் பார்க்கத் தோன்றியது. தனிமரம் அண்ணா, இதற்கு நீங்கள்தான் பொறுப்பு.


தனிமரம் எழுதியது:

பொறுப்பை ஏற்கிறேன். இரண்டு தட்டுகளையும் இன்று கலைத்துவிட்டேன். கார்பெட்டுக்குப் பக்கத்தில் சின்க்ளேர் இருக்கிறார், பிரெய்னுக்குப் பக்கத்தில் சிங்கர். திருக்குறளை எங்கே வைப்பது என்று தெரியாமல் மேசையிலேயே கிடக்கிறது. ஓலைச்சுவடி ஐயாவிடம் ஒரு கேள்வி மட்டும் மீதி இருக்கிறது. பிளம்வுட்டின் கட்டுரை ஒன்றைத் தமிழாக்கிப் பார்க்கலாம் என்று நினைக்கிறேன். அதன் தலைப்பை 'இரையாதல்' என்று வைத்தால், நோய்க்கு இரையானார், தீக்கிரையானது என்று சொல்லிச் சொல்லித் தேய்ந்துபோன சொல்லாக ஒலிக்கிறது. 'ஊனாதல்' என்று வைக்கலாமா?


ஓலைச்சுவடி எழுதியது:

'ஊனாதல்' என்றால் இறைச்சிக்கடை விளம்பரம் என்று நினைத்துவிடுவார்கள். 'இரையாக இருத்தல்' என்று வையுங்கள். அந்த மூன்று சுழற்சிக்கும் இடையில் அவர் கிளையைப் பிடித்துக்கொண்டிருந்தார் அல்லவா; இன்னும் ஆகி முடியவில்லை.